டர்ட்டி மார்ட்டினி டிப்: மது சேர்ப்பதா, ஊறல்நீர் போதுமா, ஓவனில் சுடுவதா?

டிசம்பர் பிறந்துவிட்டால் அமெரிக்காவில் வாழும் வாசகர்களிடமிருந்து தவறாமல் ஒரு கேள்வி வருகிறது. புத்தாண்டு இரவு விருந்துக்குப் பச்சை ஆலிவும் கிரீம் சீஸும் கலந்து, சிப்ஸ் தொட்டு உண்ணும் டர்ட்டி மார்ட்டினி டிப்பைக் கொண்டுபோக ஆசை. ஆனால் ஒரு செய்முறை ஜின் ஊற்றச் சொல்கிறது, இன்னொன்று ஆலிவ் ஊறிய நீரே போதும் என்கிறது, மற்றொன்று எல்லாவற்றையும் கலந்து ஓவனில் வைக்கச் சொல்கிறது. எதைச் செய்வது? ஒரே மேசையைச் சுற்றி மது அருந்துகிறவர்களும் அதைத் தொடாதவர்களும், சைவ உணவு உண்கிற பெரியவர்களும் சிறு பிள்ளைகளும் நிற்கப்போகும் வீடுகளில் இதை ருசி பற்றிய கேள்வியாக மட்டும் எடுத்துக்கொள்ள முடியாது. மூன்று முறைகளையும் பலமுறை செய்து பார்த்தவள் என்ற உரிமையில், அவற்றை ஒன்றோடொன்று வைத்து எடைபோட முயல்கிறேன்.

பெயரைப் பற்றி முதலில் ஒரு வார்த்தை. மார்ட்டினி என்பது ஜின் அல்லது வோட்காவோடு மூலிகை மணமூட்டிய திராட்சை மதுவான உலர் வெர்மூத்தைச் சிறிதளவு சேர்த்து, பனிக்கட்டியில் நன்றாகக் குளிரவைத்து, ஒரு பச்சை ஆலிவைப் போட்டுத் தரும் பானம். அதிலேயே ஆலிவ் ஊறிய உப்புநீரையும் கொஞ்சம் ஊற்றினால் பானம் கலங்கிவிடும்; அந்தக் கலங்கலைக் குறித்துத்தான் ‘டர்ட்டி’ என்ற அடைமொழி வந்தது. இந்த டிப் அந்தப் பானத்தின் ருசியைக் கிரீம் சீஸுக்குக் கொண்டுவரும் முயற்சி.

மூன்று முறைகளுக்கும் அடிப்படை ஒன்றே: 227 கிராம் கட்டிகளாக விற்கும் கிரீம் சீஸ் இரண்டு, சவர் கிரீம் அரைக் கோப்பை, கொட்டை நீக்கிப் பொடியாக நறுக்கிய ஆலிவ் ஒரு கோப்பை, ஊறல்நீர் 2 முதல் 3 மேசைக்கரண்டி, ஓர் எலுமிச்சையின் தோல் துருவல், புதிதாகப் பொடித்த மிளகு. உப்பு ஒரு சிட்டிகைகூடச் சேர்க்கக் கூடாது. இது ஏறத்தாழ 20 பேருக்குப் போதுமான கிண்ணம்.

எவற்றைக் கொண்டு எடைபோடுவது

முதலாவது, மார்ட்டினியின் ருசி உண்மையில் தெரிகிறதா என்பது. அது தெரியவில்லையென்றால் இதைச் சாதாரண ஆலிவ் சீஸ் டிப் என்றே அழைத்துவிடலாம். இரண்டாவது, வந்திருப்பவர்களில் எத்தனை பேர் தயக்கமின்றி அதைத் தொட முடியும் என்பது. மூன்றாவது, மேசைமேல் எவ்வளவு நேரம் அதன் பதமும் பாதுகாப்பும் நிற்கும் என்பது. நான்காவது, விருந்து நாளில் நம் கையைக் கட்டிப்போடாமல் முந்தைய நாளே செய்துவைக்க முடியுமா என்பது. கடைசியாக, செய்முறைகள் சொல்லாமல் விடும் செலவுகள்: ஒரு கரண்டி தேவைக்காக வாங்கும் முழுப் புட்டி, கூடுதலாக ஒரு கடை ஏறி இறங்கும் அலைச்சல், படிக்காமல் விட்ட ஒரு லேபிள்.

முறைக்கு முன்னால் ஆலிவ்

பலரும் மதுவைப் பற்றியே யோசித்துக்கொண்டிருந்துவிட்டு, ஆலிவைக் கடையில் கைக்குக் கிடைத்த புட்டியாக எடுத்து வந்துவிடுகிறார்கள். டிப்பின் தலையெழுத்து அங்கேதான் எழுதப்படுகிறது என்பது என் உறுதியான எண்ணம்.

மரத்திலிருந்து பறித்த ஆலிவை அப்படியே தின்ன முடியாது. ஒலியூரோப்பீன் என்ற பொருளால் அது கடும் கசப்பாக இருக்கும். அந்தக் கசப்பைப் போக்கப் பெரும்பாலும் சோடியம் ஹைட்ராக்சைடு கரைத்த நீரில் ஊறவைக்கிறார்கள். அதற்குப் பிறகு என்ன செய்கிறார்கள் என்பதில்தான் வகைக்கு வகை வேறுபாடு. சிவப்பு மிளகாய்த் துண்டு செருகி வரும் ஸ்பெயின் நாட்டு மன்சனில்லா, உப்புநீரில் மாதக்கணக்கில் புளித்து வருவது; அதனால் காயிலும் நீரிலும் மோரைப் போன்ற புளிப்பும் கூர்மையான உப்பும் ஏறியிருக்கும். சிசிலித் தீவிலிருந்து வரும் காஸ்டெல்வெட்ரானோ, அவ்வளவாகப் புளிக்கவிடப்படாமல் மென்மையான உப்புநீரில் இருப்பது. பளிச்சென்ற பச்சை நிறமும் கடித்தால் வெண்ணெயைப் போன்ற சதையும் லேசான இனிப்பும் அதற்கு உண்டு.

கிரீம் சீஸோடு சேரும்போது காஸ்டெல்வெட்ரானோவின் சதைக்கு இணையில்லை. ஆனால் அதன் நீர் மிகச் சாது. இரண்டு கரண்டி ஊற்றினாலும் பாலாடைக்குள் போய் ஒளிந்துகொள்ளும். மன்சனில்லா அதற்கு நேர்மாறு: காய் சற்று ரப்பர்த்தன்மையோடு இருந்தாலும், அதன் நீர் ஒரு கரண்டியிலேயே தன்னைக் காட்டிக்கொள்ளும். மாவடு ஜாடியில் காயைவிட அந்த நீருக்காகவே கரண்டியை விடுகிறவர்களுக்கு நான் சொல்வது உடனே விளங்கும். எனவே காயை ஒரு புட்டியிலிருந்தும் நீரை இன்னொரு புட்டியிலிருந்தும் எடுப்பதே சிறந்தது. இரண்டு புட்டி வாங்க மனமில்லையென்றால் மன்சனில்லாவை மட்டும் வாங்குங்கள். டர்ட்டி மார்ட்டினியின் அடையாளம் நீரில்தான் இருக்கிறது.

கடையில் திறந்த தட்டுகளில் வைத்து எடைக்கு விற்கும் ஆலிவ்கள் பார்க்க அழகாக இருக்கும்; ஆனால் அவற்றில் பல எண்ணெயிலும் மூலிகையிலும் புரட்டியவை என்பதால், வீட்டுக்கு வந்த பிறகு ஊற்றுவதற்கு நீர் இருக்காது. கறுப்பு ஆலிவ் இந்த டிப்புக்கு எந்த வகையிலும் பொருந்தாது.

காஸ்டெல்வெட்ரானோ பெரும்பாலும் கொட்டையோடுதான் வரும். கத்தியின் பட்டைப் பகுதியைக் காயின்மேல் வைத்து உள்ளங்கையால் ஓர் அழுத்து அழுத்தினால் சதை பிளந்து கொட்டை வெளியே வந்துவிடும். கடந்த ஆண்டு எங்கள் வீட்டு விருந்தில் ஒரு பெரியவர் சிப்ஸைக் கடித்தவுடன் முகம் சுளித்துக் கன்னத்தைப் பிடித்துக்கொண்டார்; பேச்சு மும்முரத்தில் நான் விட்டுவிட்ட ஒரே ஒரு கொட்டை. பல்லுக்கு ஒன்றும் ஆகவில்லை என்றாலும், அந்த இரவு முழுவதும் எனக்கு நிம்மதியில்லை. அன்றிலிருந்து காய்களை எண்ணிப் பலகையில் வைக்கிறேன், கொட்டைகளை ஒரு தட்டில் தனியே போட்டு எண்ணுகிறேன். 30 காய் என்றால் 30 கொட்டை கையில் வரும்வரை எதுவும் கிண்ணத்துக்குள் போவதில்லை. நறுக்குவதையும் கையாலேயே செய்ய வேண்டும். மிக்ஸியில் ஓட்டினால் மிளகாய்த் துண்டின் சிவப்பும் காயின் பச்சையும் குழம்பி, மொத்தக் கிண்ணமும் மங்கிய சாம்பல் நிறமாகிவிடும்.

முதல் முறை: மது சேர்த்தது

அடிப்படைக் கலவையோடு 2 மேசைக்கரண்டி, அதாவது 30 மில்லி ஜின்னும் ஒரு தேக்கரண்டி உலர் வெர்மூத்தும் சேர்ப்பது இந்த முறை. ருசி என்ற அளவுகோலில் இதற்கு முதலிடம்தான். அதை மறுக்க மாட்டேன். ஜின்னில் இருக்கும், ஜூனிப்பர் என்ற ஊசியிலைத் தாவரத்தின் காயிலிருந்து வரும் மணம் எலுமிச்சைத் தோலோடு சேர்ந்து, பாலாடையின் கனத்தை ஊடுருவிக்கொண்டு மூக்குக்கு வருகிறது. வெர்மூத்தின் மூலிகைக் கசப்பு ஆலிவின் பின்னால் மெல்லிய நிழலாக நிற்கிறது.

ஆனால் இது ஜின்னுக்கு மட்டுமே பொருந்தும் பாராட்டு. வோட்கா சேர்க்கச் சொல்லும் செய்முறைகளை நான் பரிந்துரைக்க மாட்டேன். வோட்காவுக்கு மணமே இல்லை. டிப்பை நீர்க்கச் செய்வதும் நாக்கின் நுனியில் ஓர் எரிச்சலை விட்டுச் செல்வதும்தான் அதன் பங்கு. பானத்தில் அந்த எரிச்சலைப் பனிக்கட்டியின் குளிர் அடக்கிவிடும். அறை வெப்பத்துக்கு வந்துகொண்டிருக்கும் பாலாடையில் அடக்குவதற்கு எதுவும் இல்லை.

யார் உண்ணலாம் என்ற கேள்விக்கு வருவோம். 40 விழுக்காடு ஜின் 30 மில்லியில் இருக்கும் மதுசாரம் 9.5 கிராம் அளவில்தான்; அமெரிக்காவில் ஒரு நிலையான கோப்பை மது என்று கணக்கிடுவது 14 கிராம். ஆக, 20 பேருக்கான முழுக் கிண்ணத்திலும் ஒரு கோப்பைக்குக் குறைவான மதுவே இருக்கிறது. யாருக்கும் போதை ஏறாது. ஆயினும் சமய நெறிப்படி மதுவை விலக்கியவருக்கும், குடியை விட்டுவிட்டு அந்த மணத்தையே தவிர்த்து வாழ்கிறவருக்கும், கர்ப்பிணிக்கும் இது வெறும் அளவுக் கணக்கு அன்று. சூடு படாத உணவில் ஊற்றிய மதுவின் பெரும்பகுதி அப்படியே இருக்கிறது என்பதை அவர்களுக்குச் சொல்லியாக வேண்டும். கிண்ணத்தின் முன் ‘இதில் ஜின் கலந்திருக்கிறது’ என்று ஓர் அட்டையை நிறுத்தாமல் இந்த டிப்பை மேசைக்குக் கொண்டுவருவது விருந்தினருக்குச் செய்யும் அநீதி என்றே நினைக்கிறேன்.

மறைந்திருக்கும் செலவும் இதில்தான் அதிகம். ஒரு தேக்கரண்டி வெர்மூத்துக்காக 750 மில்லி புட்டியை வாங்க நேரும். அது திராட்சை மதுவை அடிப்படையாகக் கொண்டது என்பதால், திறந்த பின் ஃப்ரிட்ஜில் வைத்தாலும் ஓரிரு மாதங்களில் உயிர்ப்பை இழந்துவிடும். 375 மில்லி அரைப்புட்டி கிடைத்தால் அதை வாங்குங்கள். ஜின்னை 50 மில்லி சிறு புட்டியாகவே வாங்கலாம். நீங்கள் வாழும் மாநிலத்தைப் பொறுத்து அலைச்சலும் உண்டு. பென்சில்வேனியாவில் ஜின்னைப் பெரும்பாலும் மாநில அரசின் கடைகளில்தான் வாங்க வேண்டியிருக்கும். டெக்சாஸில் ஜின் போன்றவற்றை விற்கும் மதுக்கடைகள் ஞாயிற்றுக்கிழமை திறப்பதில்லை. நியூ ஜெர்சியில் பெரும்பாலான மளிகைக் கடைகளில் மது விற்பதேயில்லை. விருந்தன்று காலையில் இதைக் கண்டுபிடிப்பவர்கள் பலர்.

வந்திருப்பவர்கள் பத்துப் பேருக்குள், அனைவரும் வயது வந்தவர்கள், மார்ட்டினி அருந்திப் பழகியவர்கள், வீட்டிலும் ஏற்கெனவே ஜின் இருக்கிறது என்றால், வேறு எதையும் யோசிக்காமல் இதைச் செய்யலாம்.

இரண்டாம் முறை: ஊறல்நீர் மட்டும்

மதுவை விட்டுவிட்டு ஊறல்நீரைக்கொண்டே ருசியைக் கட்டுவது இந்த முறை. செய்முறைகளில் இது பெரும்பாலும் ‘குழந்தைகளுக்கான மாற்று’ என்று ஒரு வரியில் முடிந்துவிடுகிறது. அது இதன் தகுதிக்கு மிகவும் குறைவான இடம். டர்ட்டி மார்ட்டினியில் நாம் அடையாளம் காணும் ருசிகளை எண்ணிப் பாருங்கள்: உப்பு, புளிப்பு, ஆலிவ், எலுமிச்சைத் தோல், ஜூனிப்பர், கொஞ்சம் மூலிகைக் கசப்பு. இவற்றில் எதற்கும் மதுசாரம் கட்டாயமில்லை.

ஜின்னின் மணத்துக்கு மூலம் ஜூனிப்பர் காய். அதற்கு அடுத்தபடியாகப் பெரும்பாலான ஜின்களில் சேர்வது நம் அஞ்சறைப் பெட்டியில் இருக்கும் கொத்தமல்லி விதை. மளிகைக் கடையின் மசாலா வரிசையில் கிடைக்கும் ஜூனிப்பர் காய் நான்கையும் கால் தேக்கரண்டி மல்லியையும் சேர்த்து அம்மியிலோ சிறு உரலிலோ நன்றாகப் பொடித்து, எலுமிச்சைத் தோல் துருவலோடு பிசைந்து, அதன் பிறகு கிரீம் சீஸில் கலக்க வேண்டும். மல்லியை வறுக்கக் கூடாது. பழக்கத்தில் கை வாணலியைத் தேடும். ஆனால் வறுத்த மல்லி சாம்பார்ப் பொடியின் மணத்தைக் கொண்டுவந்துவிடும், வறுக்காத மல்லி விதையில் மட்டுமே ஆரஞ்சுத் தோலை ஒத்த அந்த வாசம் இருக்கிறது. கர்ப்பிணிகள் ஜூனிப்பரைத் தவிர்ப்பது வழக்கம் என்பதால், அப்படி ஒருவர் வருகிறார் என்றால் மல்லியும் எலுமிச்சைத் தோலும் போதும். வெர்மூத்தின் இடத்தை அரைத் தேக்கரண்டி வெள்ளைத் திராட்சை மது வினிகரும் ஒரு சிட்டிகை தைம் மூலிகையும் ஓரளவு நிரப்பும். முழுதாக நிரப்பும் என்று சொல்ல மாட்டேன்.

இந்த முறையின் ஆபத்து உப்பு. மது இல்லாத குறையை ஈடுகட்ட நினைத்து நீரைக் கூடுதலாக ஊற்றுகிறவர்கள், மறுநாள் கிண்ணத்தைத் திறந்ததும் திகைத்துப்போகிறார்கள். இரவு முழுவதும் ஃப்ரிட்ஜில் இருக்கும்போது ஆலிவ் துண்டுகளிலிருந்தும் உப்பும் நீரும் பாலாடைக்குள் இறங்கிக்கொண்டே இருக்கும். மாலையில் அளவாக இருந்தது காலையில் கரிக்கும். எனவே முதல் நாள் 2 கரண்டி நீரோடு நிறுத்திக்கொண்டு, மறுநாள் ஒரு சிப்ஸில் தொட்டுப் பார்த்த பிறகே மூன்றாவது கரண்டியை முடிவு செய்யுங்கள். கரண்டியால் நேரடியாக ருசி பார்த்து முடிவு செய்வது தவறு, ஏனென்றால் சிப்ஸின் உப்பும் அந்தக் கணக்கில் சேர வேண்டும்.

செலவு என்று பார்த்தால் ஒரு சிறு பொட்டலம் ஜூனிப்பர் மட்டுமே கூடுதல். முந்தைய நாளே செய்துவைக்கலாம். சொல்லப்போனால் ஓர் இரவு ஊறினால்தான் மணங்கள் ஒன்றுசேரும். ஆளுக்கோர் உணவு கொண்டுவரும் பாட்லக் விருந்துக்கு, அலுவலக விழாவுக்கு, யார் யார் வருவார்கள் என்று தெரியாத எந்தக் கூட்டத்துக்கும் என் தேர்வு இதுதான். மது வேண்டுகிறவர்கள் கையில் கோப்பை இருக்கத்தான் போகிறது. டிப்பிலும் அது இருக்க வேண்டிய தேவையில்லை.

மூன்றாம் முறை: ஓவனில் சுட்டது

அடிப்படைக் கலவையோடு ஒரு கோப்பை துருவிய மொசரெல்லா அல்லது கிரூயேர் சீஸைச் சேர்த்து, 350 டிகிரி ஃபாரன்ஹீட்டில், அதாவது ஏறத்தாழ 175 டிகிரி செல்சியஸில், 20 முதல் 25 நிமிடம் சுடுவது. மேலே பொன்னிறம் படர்ந்து விளிம்பில் நுரைத்துக்கொண்டு வரும்போது, குளிர்கால இரவில் எல்லோர் கண்ணும் அதன்மேல்தான் இருக்கும்.

ஆனால் மார்ட்டினி என்ற பெயருக்கு இது தகுதி இழந்துவிடுகிறது. எலுமிச்சைத் தோலின் எண்ணெயும் ஜூனிப்பரின் மணமும் சூட்டில் பறந்துவிடும். எஞ்சுவது உப்பும் கொழுப்பும். துருவிய சீஸிலும் உப்பு உண்டு என்பதால் ஊறல்நீரை ஒரு கரண்டியாகக் குறைக்க வேண்டியிருக்கும், அதாவது எதற்காகத் தொடங்கினோமோ அதையே குறைக்க வேண்டும். மேலும் ஒரு தவறான நம்பிக்கையை இங்கே சொல்லியாக வேண்டும்: ‘ஓவனில் வைத்தால் மது ஆவியாகிவிடும், எல்லோரும் உண்ணலாம்’ என்பது. அமெரிக்க வேளாண்மைத் துறையின் அட்டவணைப்படி, கலவையில் சேர்த்துச் சுட்ட மதுவில் 15 நிமிடத்துக்குப் பிறகும் 40 விழுக்காடும், 30 நிமிடத்துக்குப் பிறகும் 35 விழுக்காடும் மீந்திருக்கிறது. மதுவை விலக்கியவருக்கு அந்த உறுதிமொழியைத் தரக் கூடாது.

சுட்ட அரை மணி நேரத்தில் இது இறுகத் தொடங்கும், எண்ணெய் ஓரத்தில் ஒதுங்கும். விருந்து நடக்கும் வீட்டின் ஓவன் உங்கள் கையில் இருந்தால் மட்டுமே சரிப்படும். பிறர் வீட்டுக்கு எடுத்துச் செல்வதற்கு ஏற்றதன்று. எட்டுப் பத்துப் பேர் உணவுக்கு முன் சுற்றி உட்கார்ந்து, பகெட் ரொட்டியைப் பிய்த்துத் தொட்டு ஒரே மூச்சில் காலி செய்யப்போகிறார்கள் என்றால் அதற்கு இது அருமையானது.

மூன்றையும் பக்கத்தில் வைத்தால்

| அளவுகோல் | மது சேர்த்தது | ஊறல்நீர் மட்டும் | ஓவனில் சுட்டது |
|---|---|---|---|
| மார்ட்டினி ருசி | முழுமை | முழுமைக்கு மிக அருகில் | மங்கல் |
| யார் உண்ணலாம் | வயது வந்தோர், அறிவிப்போடு | ஏறத்தாழ அனைவரும் | மது சேர்க்காவிட்டால் ஏறத்தாழ அனைவரும் |
| மேசைமேல் | 2 மணி நேரம். சற்று நீர்க்கும் | 2 மணி நேரம். பதம் நிற்கும் | அரை மணி நேரத்தில் இறுகும் |
| முந்தைய நாள் செய்தல் | முடியும் | அதுவே நல்லது | கலந்து வைக்கலாம், சுடுவது அப்போதே |
| கூடுதல் செலவு | ஜின், வெர்மூத், இன்னொரு கடை | ஜூனிப்பர் காய் | துருவிய சீஸ், ஓவனில் இடம் |

2 மணி நேரம் என்பது பால் சார்ந்த உணவு அறை வெப்பத்தில் இருக்கலாம் என்று அமெரிக்க வேளாண்மைத் துறை சொல்லும் வரம்பு. ஜின் சேர்த்திருப்பதால் கெடாது என்று எண்ண வேண்டாம். அவ்வளவு குறைந்த மதுசாரத்துக்கு அந்த ஆற்றல் கிடையாது. பெரிய கிண்ணத்தில் பனிக்கட்டியை நிரப்பி, அதன்மேல் டிப் கிண்ணத்தை வைப்பதும், பாதியை ஃப்ரிட்ஜில் வைத்துக்கொண்டு பிறகு நிரப்புவதும் நல்ல வழிகள்.

எந்த முறையானாலும் கண்ணில் படாமல் போகும் சில

பல செய்முறைகள் 60 கிராம் அளவுக்குப் புளூ சீஸ் சேர்க்கச் சொல்கின்றன. மார்ட்டினியில் புளூ சீஸ் திணித்த ஆலிவைப் போடும் வழக்கத்திலிருந்து வந்தது அது. ருசிக்குப் பொருத்தமே. ஆனால் அதன் மணம் பழகாதவரை முதல் வாயிலேயே விரட்டிவிடும். தவிர, பல புளூ சீஸ்களில் பாலைத் திரிக்க, விலங்கின் இரைப்பையிலிருந்து எடுக்கும் ரென்னெட் பயன்படுகிறது. சில நிறுவனங்களின் சவர் கிரீமில், விலங்கின் தோல், எலும்பிலிருந்து எடுக்கும் ஜெலட்டின் இருக்கிறது. ஒரு சொட்டுச் சுவைக்காகச் சேர்க்கச் சொல்லும் வூஸ்டர்ஷயர் சாஸில் நெத்திலி வகை மீன் உண்டு. ஸ்பெயின் நாட்டு ஆலிவ்களிலும் அதே மீன் திணித்த வகை, மிளகாய் திணித்ததற்கு அடுத்த தட்டிலேயே இருக்கும். சைவ உணவு உண்கிறவர்கள் ஒருவராவது வருகிறார்கள் என்றால் இந்த நான்கு லேபிள்களையும் படிக்காமல் வீட்டுக்கு எடுத்து வராதீர்கள். சவர் கிரீமுக்குப் பதிலாகத் துணியில் கட்டித் தொங்கவிட்டு நீர் வடித்த வீட்டுத் தயிர் தாராளமாகப் போதும்; புளிப்பு அதில் இன்னும் நன்றாகவே இருக்கும்.

கிரீம் சீஸைக் கட்டியாகவே வாங்க வேண்டும். டப்பாவில் வரும் அடித்து நுரைத்த வகையில் காற்று ஏற்றியிருப்பதால், ஊறல்நீர் பட்டதும் அது தளர்ந்துவிடும். கொழுப்பு குறைந்த வகையில் நீரின் அளவு கூடுதல். அதைத்தான் வாங்குவீர்கள் என்றால் ஊறல்நீரை ஒரு கரண்டி குறைத்துக்கொள்ளுங்கள். எதுவானாலும் முக்கால் மணி நேரம் வெளியே வைத்து, விரலால் அழுத்தினால் குழி விழும் பதத்துக்கு வந்த பிறகே அடிக்கத் தொடங்குங்கள். குளிர்ச்சியோடு அடித்தால் சிறு சிறு கட்டிகள் நின்றுவிடும். அதற்குப் பிறகு எவ்வளவு அடித்தாலும் அவை கரையாமல், நீர் மட்டும் அடியில் தேங்கும்.

ஊறல்நீரையும் மதுவையும் எப்போதும் கடைசியில், ஒவ்வொரு கரண்டியாக, முந்தையது முழுதும் உள்ளே போன பிறகே ஊற்ற வேண்டும். தொட்டுக்கொள்ளத் தடித்த, உப்புக் குறைந்த உருளைக்கிழங்கு சிப்ஸும் செலரித் தண்டும் வையுங்கள். மெல்லிய சிப்ஸ் கிண்ணத்துக்குள்ளேயே உடைந்துவிடும். பரிமாறும் முன் மேலே இரண்டு மூன்று முழு ஆலிவ்களை வைத்து அழகுபடுத்துவீர்கள் என்றால், அவையும் கொட்டை நீக்கியவையாக இருக்கட்டும்.